மட்டமான படமும் மணியான சிரிப்பும்

"அம்மா, முழிச்சிட்டு இருக்கியா?"

இரவு மணி இரண்டரை. கதவுக்கு வெளியே என் மகளின் குரல். பச்சைப் பிள்ளைக்காரி அந்த நேரத்தில் வந்து கூப்பிட்டால் பெற்றவளுக்கு எப்படி இருக்கும்? குழந்தைக்குத்தான் ஏதோ என்று போர்வையை உதறிவிட்டு ஓடினேன். குழந்தை அவள் தோளில் நிம்மதியாகத் தூங்கிக்கொண்டிருந்தது. இவள்தான் கண்ணெல்லாம் சிவந்து நின்றாள்.

"என்னமோ பயமா இருக்கும்மா. நீயும் ஹாலுக்கு வந்து உட்காரேன்."

என்ன பயம் என்று கேட்டால் சொல்லத் தெரியவில்லை.

இது நடந்தது 2019 ஜனவரி கடைசியில், அமெரிக்காவில் மினசோட்டா மாநிலத்து மின்னியாபொலிஸ் நகரில். மகளின் முதல் பிரசவத்துக்காகப் போயிருந்தேன். அந்த வாரம் அங்கே அடித்த குளிரை என்னவென்று சொல்வது! வெப்பமானி பூஜ்யத்துக்குக் கீழே முப்பது டிகிரி செல்ஷியஸையும் தாண்டி இறங்கிவிட்டது. வாசற்கதவைத் திறந்தால் மூக்கின் ஈரமே உறைந்து போகிறது. பால்காரர் குரல் இல்லை, பக்கத்து வீட்டுக் குக்கர் விசில் இல்லை. சன்னலுக்கு வெளியே பார்த்த இடமெல்லாம் வெள்ளை வெளேரென்று பனி.

சிசேரியன் ஆகிப் பத்து நாள்தான் ஆகியிருந்தது. பூண்டுக் குழம்பு, பிரசவ லேகியம், கருவாட்டுக் குழம்பு என்று நான் என் பங்குக்கு எதையும் குறை வைக்கவில்லை. ஆனாலும் மகள் முகத்தில் களை இல்லை. குழந்தை அழுதால் இவளும் அழுவாள். குழந்தை தூங்கினாலும் அழுவாள். "தாய்ப்பால் கொடுக்கிறவ அழக்கூடாது, கண்ணு" என்று நான் சொல்லச் சொல்ல அழுகை கூடிற்றே தவிரக் குறையவில்லை. பிற்பாடுதான் தெரிந்துகொண்டேன், அப்படிச் சொல்வதே தப்பு என்று!

அன்று இரவு மூன்று பேரும் ஹாலில் உட்கார்ந்தோம். மாப்பிள்ளையும் எழுந்து வந்துவிட்டார். பாவம், அவருக்கும் என்ன செய்வதென்று புரியவில்லை. கொஞ்ச நேரம் கையைப் பிசைந்துவிட்டு, "அத்தை, இந்த ஊர்க்காரங்க பண்ணின கூத்து ஒண்ணு இருக்கு. ரொம்ப மட்டமான படம். போடட்டுமா?" என்றார்.

நல்ல படம் ஆயிரம் இருக்க, மட்டமான படத்தை எதற்கு மெனக்கெட்டுப் போட வேண்டும்? மாமியாரிடம் கேட்கிற கேள்வியா இது? ஆனால் மகள் முகத்தில் லேசாக ஓர் அசைவு தெரிந்தது. "போடுங்க மாப்பிள்ளை" என்றேன்.

திரையில் ஏதோ ஒரு பழைய படம் ஓடிற்று. அதற்குக் கீழே, வலது மூலையில், சினிமாக் கொட்டகையில் நமக்கு முன் வரிசையில் உட்கார்ந்தவர்களின் தலை மறைக்குமே, அதுபோல மூன்று நிழல்கள். ஒன்று மனிதன், மற்ற இரண்டும் பொம்மை இயந்திரங்கள். படம் ஓட ஓட இந்த மூன்று பேரும் வாய் ஓயாமல் கமெண்ட் அடித்துக்கொண்டே இருந்தார்கள். அவ்வளவுதான் நிகழ்ச்சி!

பெயர் "மிஸ்டரி சயன்ஸ் தியேட்டர் 3000". ஜோயல் ஹாட்சன் என்ற நகைச்சுவைக் கலைஞர் 1988 நவம்பரில் மின்னியாபொலிஸில் ஒரு சின்ன உள்ளூர் டி.வி. நிலையத்தில் ஆரம்பித்தது. கதை ஒரு சாக்குத்தான். பைத்தியக்கார விஞ்ஞானிகள் ஒருவனை விண்கலத்தில் அடைத்து, மகா மட்டமான படங்களாகப் போட்டு வதைக்கிறார்கள். அவன் தனிமை தாங்காமல் கையில் கிடைத்ததைக் கொண்டு இயந்திரத் தோழர்களைச் செய்துகொண்டு, அவர்களோடு சேர்ந்து படத்தைக் கிண்டல் பண்ணியே புத்தி பேதலிக்காமல் தப்பிக்கிறான்.

அந்தப் பொம்மைகளைப் பற்றிச் சொன்னால் நமக்கெல்லாம் பிடிக்கும். 'குரோ' என்கிற பொம்மையின் மூக்கு, விளையாட்டுப் பௌலிங் கட்டை. கண்கள் டேபிள் டென்னிஸ் பந்துகள். உடம்பில் டப்பர்வேர் பாத்திரம்! இன்னொன்றின் தலை, காசு போட்டால் மிட்டாய் உருளும் கண்ணாடி உருண்டை. நாம் காலி ஹார்லிக்ஸ் பாட்டிலில் பூ ஜாடி செய்வதில்லையா, அந்த ரகம். உள்ளூர் நிலையத்தில் ஓடிய நாளில் ஒரு தொலைபேசி எண் கொடுத்து, பார்ப்பவர்களின் அபிப்பிராயத்தைப் பதிவு செய்யச் சொன்னார்களாம். மறு வருஷமே நாடு முழுவதும் தெரிகிற கேபிள் சேனலுக்குப் போய்விட்டது. 1993-ம் ஆண்டுக்கான பீபடி விருதுகூடக் கிடைத்திருக்கிறது. 1999-ல் நின்றுபோனதை மீண்டும் எடுக்க 2015-ல் ரசிகர்களிடம் கையேந்தினார்கள்; 57 லட்சம் டாலருக்கு மேல் சேர்ந்துவிட்டது. சும்மாவா?

அன்று ராத்திரி மாப்பிள்ளை போட்ட படத்தின் பெயர் "மானோஸ்: தி ஹாண்ட்ஸ் ஆஃப் ஃபேட்". மானோஸ் என்றால் ஸ்பானிஷ் பாஷையில் கைகள். ஆக, "கைகள்: விதியின் கைகள்" என்று பெயரிலேயே இரண்டு தடவை கை! 1966-ல் டெக்ஸாஸ் மாநிலத்து எல் பாஸோ நகரில் ஹரால்ட் வாரன் என்ற உர வியாபாரி எடுத்த படம். இன்ஷூரன்ஸும் விற்பவர், உள்ளூர் நாடகங்களில் நடித்த பழக்கம் உண்டு. "பேய்ப் படம் எடுப்பது ஒரு பெரிய காரியமா? நானே எடுப்பேன்" என்று சினிமா எழுத்தாளர் ஒருவரிடம் பந்தயம் கட்டிவிட்டு இறங்கினாராம். செலவு சுமார் 19,000 டாலர். சாவி கொடுத்து ஓட்டுகிற காமிரா. ஒரு தடவைக்கு 32 விநாடிக்கு மேல் ஓடாது. ஒலிப்பதிவு கிடையாது. பிறகு மூன்று நான்கு பேர் உட்கார்ந்து எல்லாருக்கும் குரல் கொடுத்தார்கள். இரவுக் காட்சிகளில் விளக்கைச் சுற்றும் விட்டில் பூச்சிகள் நடிகர்களைவிட நன்றாகத் தெரிகின்றன. ஓரிடத்தில் 'கிளாப்' பலகையே எட்டிப் பார்க்கிறது!

கதை? கணவன், மனைவி, ஒரு சின்னப் பெண், ஒரு நாய்க்குட்டி காரில் போகிறார்கள்... போகிறார்கள்... போய்க்கொண்டே இருக்கிறார்கள். எழுத்துப் போடுவதற்காக எடுத்த காட்சியாம். எழுத்தைப் போட விட்டுப்போயிற்றாம்.

நிழல்கள் இங்கிலீஷில் ஏதோ சொல்ல, மாப்பிள்ளை சிரித்தார். எனக்குப் பாதி புரியவில்லை. பொறுத்துப் பொறுத்துப் பார்த்தேன். வயல், வேலி, மறுபடி வயல். என்னையும் அறியாமல், "மன்னார்குடியிலேர்ந்து கிளம்பினவன்கூட இந்நேரம் மெட்ராஸ் போய்ச் சேர்ந்து, குளிச்சு, சாப்பிட்டிருப்பான்" என்று சொல்லிவிட்டேன்.

"க்ளுக்" என்று ஒரு சத்தம். திரும்பிப் பார்த்தால் என் மகள்! வயிற்றில் தலையணையை அழுத்திப் பிடித்துக்கொண்டிருந்தாள். தையல் போட்ட வயிறு. இருமினாலும் சிரித்தாலும் இப்படி ஒரு தலையணையை அணைத்துக்கொள்ளும்படி ஆஸ்பத்திரியில் சொல்லி அனுப்பியிருந்தார்கள். பத்து நாளாய் இருமலுக்குத்தான் அந்தத் தலையணை உதவிற்று. அன்றுதான் சிரிப்புக்கு உதவிற்று.

அப்புறம் நான் விடுவேனா? முழங்கால் வீங்கின வேலைக்காரன் ஒருவன் பெட்டியைத் தூக்கிக்கொண்டு அங்குலம் அங்குலமாக நடந்தான். "இவன் பெட்டியை உள்ளே வைக்கிறதுக்குள்ளே லீவே முடிஞ்சிடும்" என்றேன். பண்ணையாருக்கு ஒரு பெரிய கறுப்பு அங்கி. விரித்தால் சிவப்பில் இரண்டு ராட்சசக் கை. "புதுசா பெயின்ட் அடிச்ச சுவரிலே குழந்தை கை வச்சுட்டாப்பலே இருக்கே!" அந்த ஆளுக்கு ஒன்றுக்கு மேல் பெண்டாட்டிகள், எல்லாரும் வெள்ளை உடுப்பில் கட்டிப் புரண்டு சண்டை போட்டார்கள். "ஒரே சமையல்கட்டிலே இத்தனை பேர் இருந்தா சண்டை வராம என்ன செய்யும்?" என்றதும் மாப்பிள்ளை விழுந்து விழுந்து சிரித்தார். மகள், "அம்மா, போதும்மா, தையல் பிரிஞ்சிடும்!" என்று கெஞ்சினாள். அந்தக் கெஞ்சல் என் காதில் தேனாய்ப் பாய்ந்தது.

மறுநாள் சமையலறையில் பூண்டு உரித்தபடியே யோசித்தேன். இந்த வித்தையின் சூட்சுமம் எங்கே இருக்கிறது?

நல்ல படத்துக்குக் கமெண்ட் அடிக்க முடியாது; அதில் இடமே இருக்காது. மட்டமான படத்தில்தான் ஒருவர் ஒரு வசனம் பேசிவிட்டு அடுத்தவர் வாய் திறப்பதற்குள் ஒரு யுகம் போகும். அந்த ஓட்டையில்தான் கிண்டல் நுழைகிறது. படம் வேண்டுமென்றே கோமாளித்தனமாக எடுக்கப்பட்டிருந்தாலும் சிரிப்பு வராது. எடுத்தவர் உண்மையாகவே நம்மைப் பயமுறுத்தத்தான் பாடுபட்டிருக்க வேண்டும். எட் வுட் என்பவர் எடுத்த "பிளான் 9 ஃப்ரம் அவுட்டர் ஸ்பேஸ்" படமும் இப்படித்தான். 1956-ல் இறந்துபோன பேலா லுகோசி என்ற புகழ்பெற்ற நடிகரின் துண்டுப் படச்சுருளை வைத்துக்கொண்டு, மீதிக் காட்சிகளில் வேறோர் ஆளை அங்கியால் முகத்தை மறைத்து நடக்கவிட்டார். ஜாடையும் ஒற்றுமை இல்லை, உயரமும் ஒற்றுமை இல்லை! 1980-ல் வந்த ஒரு புத்தகம் "உலகத்திலேயே மோசமான படம்" என்று அதற்குப் பட்டம் கட்டிற்று. அதன் பிறகுதான் அதைத் தேடிப் பார்க்கிறவர்கள் கூட்டம் அதிகமாயிற்று.

அந்த மூன்று நிழல்களும் வாய்க்கு வந்ததைப் பேசுவதாக நான் நினைத்திருந்தேன். அதுவும் இல்லையாம். எழுத்தாளர்கள் கூட்டமாக உட்கார்ந்து ஒரே படத்தைத் திரும்பத் திரும்பப் போட்டு, நிறுத்தி நிறுத்தி, நூற்றுக்கணக்கில் வரிகள் எழுதுவார்கள். படத்தின் வசனத்தின் மேல் ஏறாமல் இந்த வரி விழ வேண்டும். தாளிதம் மாதிரி: எண்ணெய் காய்ந்த கணத்தில் கடுகு விழ வேண்டும், முந்தினாலும் வீண், பிந்தினாலும் வீண்.

நமக்கு இது ஒன்றும் புதுசும் இல்லை. தெருக்கூத்தில் ராஜா வந்து நின்று மார்தட்டும்போது பக்கத்தில் கட்டியங்காரன் நின்று நையாண்டி பண்ணுவானே, அவனும் இந்தக் குலம்தான். எங்கள் ஊர் டூரிங் கொட்டகையில் மணலில் உட்கார்ந்து படம் பார்த்தவர்களில் எத்தனை கட்டியங்காரர்கள்!

அன்று முதல் அது எங்கள் ராத்திரி வழக்கமாயிற்று. இரண்டு மணிப் பாலுக்குக் குழந்தை எழுந்தால், அரை மணி மட்டமான படம். எனக்கே ஒரு தலைகனம் வந்துவிட்டது என்று வைத்துக்கொள்ளுங்களேன்! அப்போதுதான் ஒரு நாள் மாப்பிள்ளை அந்த மானோஸ் படத்தின் பின்கதையைச் சொன்னார்.

படத்தில் வரும் சின்னப் பெண்ணின் பெயர் ஜாக்கி நேமன். அப்போது ஆறேழு வயது. அங்கி போட்ட பண்ணையாராக நடித்தவர் அவளுடைய அப்பா. படத்தில் வரும் பெரிய நாயும் அவர்கள் வீட்டு நாய்தான். நடித்தவர்களுக்கு லாபத்தில் பங்கு தருவதாக வாக்கு. கைமேல் கிடைத்தது அந்தப் பெண்ணுக்கு ஒரு சைக்கிளும், நாய்க்கு ஒரு மூட்டைத் தீனியும்தான். 1966 நவம்பரில் எல் பாஸோவில் படம் வெளியானபோது வாரன் ஒரே ஒரு பெரிய காரை வாடகைக்கு எடுத்து, ஒரு கூட்டத்தை வாசலில் இறக்கிவிட்டு, தெருவைச் சுற்றிப் போய் அடுத்த கூட்டத்தை ஏற்றி வரச் செய்தாராம், நட்சத்திரங்கள் வந்து இறங்குவது மாதிரி. எல்லாரும் புது உடுப்போடு உட்கார்ந்திருக்கிறார்கள். படம் ஆரம்பித்துக் கொஞ்ச நேரத்தில் கொட்டகையே சிரிக்கத் தொடங்கிவிட்டது. அந்தக் குழந்தையின் வாயிலிருந்து யாரோ பெரிய பெண்பிள்ளையின் கீச்சுக் குரல் வருகிறது. தன் குரல் இல்லை! அந்தச் சிரிப்புக்கு நடுவே ஜாக்கி அழுதுவிட்டாள்.

மாப்பிள்ளை இதைச் சிரிப்பாகத்தான் சொன்னார். மகள் சிரிக்கவில்லை. குழந்தையின் கால் விரலைத் தடவிக்கொண்டே, "எனக்கும் அப்படித்தான் இருந்துச்சும்மா" என்றாள்.

"எப்போடி?"

"மூணாங் கிளாஸ் ஆண்டு விழா. வீட்டுக்கு வந்ததும் நான் ஆடினதை நீ எல்லார் முன்னாலேயும் ஆடிக் காட்டினியே. பெரியம்மா, சித்தி, மாமா எல்லாரும் சிரிச்சாங்க. அதுக்கப்புறம் நான் ஆடவே இல்லையே, கவனிச்சியா?"

எனக்கு ஞாபகம் இருந்தது. ஆனால் என் ஞாபகத்தில் அது ஒரு சந்தோஷமான சாயங்காலம். வீடு நிறைய உறவு, பஜ்ஜி, காப்பி, ஒரே சிரிப்பு. குழந்தையும் சிரித்ததாகத்தான் நினைத்திருந்தேன். "எனக்கு டான்ஸ் வேணாம்" என்று அவள் சொன்னபோது, பாடம் அதிகம் போலிருக்கிறது என்று விட்டுவிட்டேன். இருபத்திரண்டு வருஷம்! அது பிரசவ அறையின் அசதியோடு சேர்ந்து அந்த ராத்திரியில் வெளியே வந்தது.

"இப்ப இவளுக்கும் நான் ஏதாவது அப்படிப் பண்ணிடுவேனோன்னு பயமா இருக்கும்மா" என்றாள். பயம் என்ன என்று பத்து நாளாய்க் கேட்டேனே, அதில் ஒரு பாதி இதுதான்.

நான் சமாதானம் சொல்ல வாயெடுத்தேன். "வேடிக்கைக்குத்தானே" என்ற சொல் நாக்கு நுனி வரை வந்துவிட்டது. நல்லவேளை, விழுங்கினேன். "தப்புதான், கண்ணு. எனக்குத் தோணவே இல்லை" என்று மட்டும் சொன்னேன். அவள் ஒன்றும் பேசவில்லை. குழந்தையை என் மடியில் கொடுத்துவிட்டுத் தூங்கப் போனாள். விடியும்வரை தூங்கினாள்.

ஒன்று சொல்லிவிட வேண்டும். சிரிப்பு நல்லதுதான், ஆனால் அது மருந்து ஆகாது. பிரசவமானதும் முதல் இரண்டு வாரம் காரணமில்லாத அழுகை வருவது பல பெண்களுக்கு உண்டு, தானே சரியாகும். அதற்கு மேலும் நீடித்தாலோ, குழந்தையைப் பார்க்கவே பிடிக்காவிட்டாலோ, உயிர் வெறுத்தாலோ, "பிள்ளை பெத்தவ இப்படித்தான்" என்று தட்டிக் கழிக்காமல் உடனே டாக்டரிடம் போக வேண்டும். என் மகளையும் அழைத்துப் போனோம். பத்துக் கேள்விகள் உள்ள ஒரு தாளைக் கொடுத்து நிரப்பச் சொன்னார்கள். அதன் பிறகு சில வாரங்கள் பேசி ஆலோசனை சொல்பவரிடம் போய்வந்தாள். தேறினாள். நான் அடித்த கமெண்ட்டில் தேறினாள் என்று பெருமையடிக்க மாட்டேன். அந்த அரை மணி, அடுத்த நாளைக் கடக்க ஒரு கைப்பிடி, அவ்வளவே.

அந்த ஜாக்கி என்ன ஆனாள் என்று கேட்கிறீர்களா? மானோஸ் படம் எல் பாஸோவைத் தாண்டி அதிகம் ஓடாமல் முடங்கிப் போயிற்று. 1993 ஜனவரியில் அந்த மூன்று நிழல்களும் எடுத்துக் கிண்டல் செய்த பிறகுதான் அப்படி ஒரு படம் இருப்பதே உலகத்துக்குத் தெரிந்தது. 2011-ல் ஒருவர் அதன் பழைய படச்சுருளைக் கண்டெடுத்து, ரசிகர்கள் கொடுத்த பணத்தில் துடைத்துப் புதுப்பித்தார். ஜாக்கி 2016-ல் அந்தப் படத்தோடு வளர்ந்த கதையைப் புத்தகமாகவே எழுதிவிட்டார். அழுத குழந்தை, பெரியவளான பின் அந்தச் சிரிப்பில் தானும் கலந்துகொண்டார். ஆனால் அது அவராக எடுத்த முடிவு. அதற்கு எத்தனை வருஷம் பிடித்தது பாருங்கள்!

ஒரே கிண்டல்தான். ஊர் பேர் தெரியாத பழைய படத்தின் முன் நாலு பேர் நெருங்கி உட்கார்ந்து, கடைசிவரை பொறுமையாகப் பார்த்து, அதன் அசட்டுத்தனத்தைச் சொல்லிச் சிரித்தால் மனசு லேசாகிறது. அதே வாய், எதிரே ஆசையோடு ஆடிக் காட்டுகிற குழந்தையிடம் திரும்பினால் கால் முடங்கிப் போகிறது. புது மருமகள் முதன்முதலில் வைத்த ரசத்துக்கும் இதே கதிதான். "ரசமா, கஷாயமா?" என்று நாம் ஒரு விநாடியில் சொல்லிவிட்டு மறந்துவிடுகிறோம். அவள் மறப்பதில்லை.

பேத்திக்கு இப்போது ஆறு வயது முடிந்துவிட்டது. ஞாயிற்றுக்கிழமை வீடியோவில் பேசுவோம். போன வாரம் பாட்டுப் போட்டு ஆடிக் காட்டினாள். ஒரு கை கிழக்கே, ஒரு கால் மேற்கே. நடுவில் பாவாடை தடுக்கி ஒரு தடுமாற்றம் வேறு. என் நாக்கு நுனியில் வந்து நின்ற கமெண்ட் இருக்கிறதே, அந்த மூன்று நிழல்களும் தோற்றுப் போகும்!

திரையின் ஓரத்தில் என் மகள் என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"பாட்டி, எப்படி இருந்துச்சு?"

"இன்னொரு தடவை ஆடேன், கண்ணு. பாட்டி சரியாப் பார்க்கலை" என்றேன்.

ஆடினாள். மூன்று தடவை. இரவு, மானோஸ் படத்தைப் போட்டு, அடக்கி வைத்த அத்தனையையும் அந்த முழங்கால் வீங்கினவன் மேல் கொட்டித் தீர்த்துக்கொண்டேன். அவன் ஒன்றும் நினைத்துக்கொள்ள மாட்டான்.